ஒரே பந்தயம், மூன்று இறுவட்டுகள்: குருநகரில் ஒரு பழைய பிளேஸ்டேஷனைத் திருத்திய அனுபவம்

2004ஆம் ஆண்டு ஓகஸ்ட் மாதத்திலிருந்து எங்கள் வீட்டு மேசை லாச்சிக்குள் ஒரு சாம்பல் நிற மெமரி கார்ட் கிடந்தது. யாழ்ப்பாணத்துக்கான ஏ9 வீதி போர்நிறுத்தத்தில் திறந்திருந்த அந்தக் காலத்தில் ரொறன்ரோவிலிருந்து பள்ளி விடுமுறைக்கு வந்த மாமாவின் மகன், தான் கொண்டுவந்த பிளேஸ்டேஷனையும் கிரான் டுரிஸ்மோ என்ற கார்ப் பந்தய விளையாட்டின் இறுவட்டையும் இந்த அட்டையையும் எனக்கென்று விட்டுவிட்டுப் போனான். ஒரு மாதம் முழுவதும் மாறி மாறி ஓட்டிச் சேர்த்த கார்களும் ஓட்டுநர் உரிமங்களும் அந்த அட்டைக்குள் இருந்தன. அவன் புறப்பட்ட மூன்றாம் நாள், அந்த இயந்திரத்தோடு வந்திருந்த மின்மாற்றியை இணைக்காமல் நேரே சுவர்ச் சொக்கற்றில் குத்தினேன். ஒரு வெடிச்சத்தமும் கருகல் மணமும் வந்தன. அத்தோடு இயந்திரம் நின்றது. நகரில் ஒரு திருத்துநரிடம் கொண்டுபோனபோது, “தம்பி, போர்ட் முழுக்கப் போட்டுது, இனி இது சரிவராது” என்று மூடியைக்கூடக் கழற்றாமல் திருப்பித் தந்துவிட்டார்.

அடுத்த ஆண்டு பாரிஸிலிருந்து வந்த சித்தப்பா சிறிய வெள்ளை நிற பிஎஸ் வன் இயந்திரம் ஒன்றையும், அதே கிரான் டுரிஸ்மோவின் ஐரோப்பியப் பதிப்பையும் கொண்டுவந்தார். மகிழ்ச்சியோடு மச்சானின் அட்டையைக் குத்தினேன். சேமித்த தரவு எதுவும் இல்லை என்றே விளையாட்டு சொன்னது. ஆனால், இறுவட்டு இல்லாமல் இயந்திரத்தை இயக்கும்போது வரும் மெமரி கார்ட் திரையில் அந்தப் பதிவு சின்னத்தோடும் பெயரோடும் தெரிந்தது. கண்முன்னே இருப்பதை ஏன் விளையாட்டு காணவில்லை என்பது அந்த வயதில் எனக்கு விளங்கவில்லை. அட்டை பழுது என்று எண்ணி லாச்சிக்குள் போட்டுவிட்டேன். இந்தப் பதிவு, அந்த அட்டையைத் திறப்பதற்காக அண்மையில் நான் செய்த வேலையைப் பற்றியது.

முதலில் விளையாட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும். கசுனோரி யமாவுச்சியின் தலைமையில் உருவான கிரான் டுரிஸ்மோ, ஜப்பானில் 1997 டிசம்பர் 23ஆம் திகதியும், ஐரோப்பாவிலும் வட அமெரிக்காவிலும் 1998 மே மாதத்திலும் வெளிவந்தது. ஒரு கோடிக்கு மேற்பட்ட பிரதிகள் விற்ற விளையாட்டு இது. மூன்று நிலப்பகுதிகளுக்கும் மூன்று தனித்தனி இறுவட்டுகள் அச்சிடப்பட்டன: ஜப்பானியப் பதிப்பின் இலக்கம் எஸ்சிபிஎஸ்-10045, அமெரிக்கப் பதிப்பு எஸ்சியுஎஸ்-94194, ஐரோப்பியப் பதிப்பு எஸ்சிஇஎஸ்-00984. இந்த இலக்கங்கள் அட்டைப்பெட்டியின் ஓரத்தில் மட்டும் இருப்பவை அல்ல. விளையாட்டு மெமரி கார்டில் எழுதும் கோப்பின் பெயரே இந்த இலக்கத்தோடுதான் தொடங்குகிறது; அதற்கு முன்னால் ஜப்பானுக்கு பிஐ, அமெரிக்காவுக்கு பிஏ, ஐரோப்பாவுக்கு பிஇ என இரண்டு எழுத்துகள் சேர்கின்றன. ஐரோப்பிய இறுவட்டு தன் இலக்கம் உள்ள கோப்பை மட்டுமே தேடும். மச்சானின் கோப்பு அமெரிக்க இலக்கத்தில் இருந்தது. அட்டையில் பழுது எதுவும் இருக்கவில்லை. அதற்குள் மின்கலம் இல்லாததால் இருபது ஆண்டுகள் லாச்சிக்குள் கிடந்தாலும் தரவு அழிந்திருக்க வேண்டியதில்லை. அதைத் திறக்க அமெரிக்க இறுவட்டு ஓட வேண்டும், அந்த இறுவட்டு ஓட அமெரிக்க இயந்திரம் ஓட வேண்டும்.

மச்சான் விட்டுச்சென்ற இயந்திரம் எஸ்சிபிஎச்-7501. இலக்கத்தின் கடைசி எண்ணே அதன் ஊரைச் சொல்லிவிடும்: 0 என்றால் ஜப்பான், 1 என்றால் வட அமெரிக்கா, 2 என்றால் ஐரோப்பா. அடியில் உள்ள திருகாணிகளைக் கழற்றி மேல்மூடியைத் தூக்கினால், இடப்பக்கத்தில் மின்வழங்கிப் பலகை தனியாகவும், அதன் கீழே முதன்மைப் பலகையும், வலப்பக்கத்தில் இறுவட்டு வாசிக்கும் பகுதியும் இருக்கும். 230 வோல்ற்று வாங்கிய அடி எங்கே விழுந்தது என்பதைப் பார்த்த மாத்திரத்திலேயே அறிய முடிந்தது. மின்வழங்கியில் மின்னேற்றத்தைத் தேக்கும் பெரிய கொள்ளளவியின் (கப்பாசிற்றர்) தலை வெடித்து, உள்ளிருந்த திரவம் காய்ந்து பழுப்பாகப் படிந்திருந்தது; உருகியும் (பியூஸ்) எரிந்திருந்தது. காரணம் எளிய கணக்கு. நமது 230 வோல்ற்று ஆடலோட்டத்தைச் சீராக்கினால் அதன் உச்சம் ஏறத்தாழ 325 வோல்ற்று. 120 வோல்ற்றுக்கென்று செய்யப்பட்ட பலகையில் இருந்த அந்தக் கொள்ளளவி 200 வோல்ற்று வரைதான் தாங்கும் என்று அதன் உடலிலேயே எழுதியிருந்தது. முதன்மைப் பலகையோ, திருத்துநர் சொன்னதற்கு மாறாக, கருகலின் சாயலே இல்லாமல் துப்புரவாக இருந்தது. அன்று அந்த மூடியைக் கழற்றிப் பார்த்திருந்தால் இருபது ஆண்டுகள் வீணாகியிருக்காது என்ற கவலை எனக்கு இன்னும் ஆறவில்லை.

வெடித்த கொள்ளளவியையும் உருகியையும் மாற்றி, மறுபடியும் மின்மாற்றியோடு ஓட்டுவது ஒரு வழி. நான் அதை விரும்பவில்லை. மின்மாற்றி இல்லாமல் யாரேனும் மீண்டும் குத்திவிடக்கூடிய ஒரு வீட்டில் அது நிரந்தரமான திருத்தமாகாது. இந்த இயந்திரங்களின் மின்வழங்கி, சுவரில் எந்த நாட்டு மின்சாரம் வந்தாலும், முதன்மைப் பலகைக்குக் கொடுப்பது ஏறத்தாழ 7.5 வோல்ற்றும் 3.5 வோல்ற்றும் கொண்ட நேரோட்டம் மட்டுமே. ஆகவே அதே தொடரைச் சேர்ந்த ஐரோப்பிய 7502 இயந்திரம் ஒன்றின் மின்வழங்கிப் பலகையை எடுத்து 7501இல் பூட்டினால் போதும். கொழும்பில் இருக்கும் நண்பர் ஒருவர் மூலம், இறுவட்டை வாசிக்கும் வில்லை செத்துப்போன 7502 ஒன்றைக் குறைந்த விலைக்கு வாங்கினேன். அதன் பலகையில் இருந்த பெரிய கொள்ளளவி 400 வோல்ற்றுக்குரியது. அதைப் பூட்டுமுன் தனியாக மேசையில் வைத்து, பன்மானியால் (மல்ரிமீற்றர்) இரண்டு வெளியீடுகளையும் அளந்து, எண்கள் சரியாக இருந்த பிறகே அமெரிக்க உடலுக்குள் மாற்றினேன். இந்த வேலையைச் செய்ய நினைப்பவர்கள் ஒன்றை மறக்கக் கூடாது: சொக்கற்றிலிருந்து கழற்றிய பிறகும் அந்தப் பெரிய கொள்ளளவிக்குள் ஆபத்தான மின்னேற்றம் சிறிது நேரம் தங்கியிருக்கும். அதன் கால்களுக்கிடையே வோல்ற்றளவு இறங்கிவிட்டது என்று பன்மானி காட்டும்வரை பலகையைக் கையால் தொடவே கூடாது.

மின்சாரம் வந்தது, ஆனால் இறுவட்டு சுழன்று சுழன்று நின்றது. எங்கள் வீடு கடலேரிக்குக் கிட்ட இருப்பதால் உப்புக்காற்று எதையும் விட்டுவைப்பதில்லை. வில்லை செல்லும் உலோகத் தண்டில் துரு பிடித்திருந்தது, பழைய கிறீஸ் பிசின்போல் இறுகியிருந்தது. ஐசோபுரோப்பைல் அற்ககோலில் நனைத்த பஞ்சால் தண்டையும் பற்சக்கரங்களையும் துடைத்து, புதிய கிறீஸ் மிகக் குறைவாகப் பூசினேன். வில்லையையும் அதே அற்ககோலால், அழுத்தம் கொடுக்காமல், ஒரே ஒரு முறை வருடித் துடைத்தேன். படமும் ஒலியும் வெளியேறும் இணைப்பியின் ஊசிகளில் பச்சை படர்ந்திருந்தது. அதற்குத்தான் அதிக நேரம் பிடித்தது. முதல் தலைமுறை இயந்திரங்களில் மின்வழங்கிக்கு மிக அருகே வில்லைப் பகுதி இருந்தபடியால் சூட்டில் அதன் பிளாஸ்டிக் நெளிந்து, இயந்திரத்தைத் தலைகீழாக வைத்து ஓட்டும் நிலை வந்தது. பின்னர் வந்த வடிவங்களில் அதை வலப்பக்கம் தள்ளி வைத்ததால் 7501க்கு அந்தக் குறை இல்லை. துப்புரவாக்கிய பின் மச்சானின் அமெரிக்க இறுவட்டு இரண்டாம் முயற்சியில் ஏறியது.

மெமரி கார்டை அன்று குத்தவில்லை. புதிதாகப் பூட்டிய மின்வழங்கியில் முதல் நாளே அதை நம்பி வைக்க எனக்கு மனம் வரவில்லை. வேறொரு வெற்று அட்டையோடு சில நாட்கள் ஓட்டிப் பார்ப்பதென்றும், பிரதி எடுக்க இரண்டாவது அட்டை கைக்கு வந்த பிறகே அதைத் தொடுவதென்றும் முடிவுசெய்தேன். அந்த இடைவெளியில்தான் மூன்று பதிப்புகளையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்கும் எண்ணம் வந்தது. ஜப்பானில் படிக்கும் மருமகள் விடுமுறைக்கு வரும்போது, அங்கே பழைய பொருட் கடையில் வாங்கிய ஜப்பானியப் பதிப்பைக் கொண்டுவந்து தந்தாள்.

இங்கே படத்தின் கதையைச் சொல்ல வேண்டும், ஏனெனில் இதில்தான் பலர் வழி தவறுகிறார்கள். இலங்கையின் தொலைக்காட்சி ‘பால்’ எனப்படும் ஒளிபரப்பு முறையில், நொடிக்கு 50 புலங்களாக, 625 கோடுகளில் அமைந்தது; புலம் என்பது திரையில் ஒருமுறை மேலிருந்து கீழாக வரையப்படும் கோடுகளின் தொகுதி. ஐரோப்பிய இறுவட்டு அதற்குப் பொருந்தும். அமெரிக்க, ஜப்பானிய இறுவட்டுகள் என்.ரி.எஸ்.சி. முறையில், 525 கோடுகளில், நொடிக்கு ஏறத்தாழ 60 புலங்களாகப் படத்தைத் தருகின்றன. புலங்களின் எண்ணிக்கை மட்டும் வேறுபட்டால் பல பெட்டிகள் சமாளித்துவிடும். நிறம்தான் சிக்கல். மஞ்சள் முனைக் கம்பி வழியாக வரும் படத்தில், நிறம் தனியான ஒரு துணைச் சுமப்பலையில் ஏறி வருகிறது. பாலில் அதன் மீடிறன் 4.43 மெகாஹேர்ட்ஸ், என்.ரி.எஸ்.சி.யில் 3.58 மெகாஹேர்ட்ஸ். ஐரோப்பிய இயந்திரத்தில் அமெரிக்க இறுவட்டை ஓட்டும்போது படம் 60 புலத்துக்கு மாறினாலும், நிறத்தின் அலை பெட்டி எதிர்பார்க்கும் இடத்தில் இருப்பதில்லை. ஆகவே படம் கறுப்பு வெள்ளையாகவே நிற்கும். சிறுவயதில் அயல்வீட்டில், பிறநாட்டு இறுவட்டுகளும் ஓடுவதற்காகச் ‘சிப்’ போட்ட இயந்திரத்தில் பல விளையாட்டுகளை நிறமின்றிப் பார்த்ததன் காரணம் இதுதான். எங்கள் வீட்டில் இன்னும் உயிரோடிருக்கும் 21 அங்குல குழாய்த் தொலைக்காட்சி எல்லா முறைகளையும் ஏற்கும் வகையைச் சேர்ந்தது. அமெரிக்க இயந்திரத்தின் மஞ்சள் முனையைக் குத்தி, நிற முறையை என்.ரி.எஸ்.சி. 3.58 என்று கையால் தெரிவுசெய்தவுடன் செந்நிறம் செந்நிறமாகவே வந்தது. ஆகவே எனது ஒழுங்கு இப்படி அமைந்தது: அமெரிக்க, ஜப்பானிய இறுவட்டுகள் 7501இல், ஐரோப்பிய இறுவட்டு பாரிஸிலிருந்து வந்த பிஎஸ் வன்னில்.

ஜப்பானிய இறுவட்டை அமெரிக்க இயந்திரம் ஏற்கவில்லை. பிளேஸ்டேஷன் இறுவட்டின் தொடக்கப் பகுதியில், தடத்தின் சிறு நெளிவாக நான்கு எழுத்துகள் பொறிக்கப்பட்டுள்ளன: ஜப்பானுக்கு எஸ்சிஇஐ, அமெரிக்காவுக்கு எஸ்சிஇஏ, ஐரோப்பாவுக்கு எஸ்சிஇஇ. வாசிக்கும் பகுதி தன் நிலப்பகுதிக்குரிய எழுத்தைக் காணாவிட்டால் மேலே நகராது. சாதாரணமாக எழுதும் கருவிகளால் அந்த நெளிவை உண்டாக்க முடியாததால், நகல் இறுவட்டுகளையும் இதே பூட்டுத் தடுத்தது. அக்காலத்தில் ஊரெங்கும் பூட்டப்பட்ட ‘சிப்’ என்பது எட்டுக் கால்கள் கொண்ட, பிஐசி 12சி508 போன்ற ஒரு சிறிய நுண்கட்டுப்படுத்திதான். இயந்திரம் கேட்கும் நான்கு எழுத்துகளை அது தானே சொல்லிக்கொண்டிருக்கும். எனக்குத் தேவைப்பட்டது அசல் ஜப்பானிய இறுவட்டை அமெரிக்க இயந்திரத்தில் ஓட்டுவது மட்டுமே. அதற்கும் அந்தச் சிப்தான் வழி. மெல்லிய கம்பிகளைப் பற்றாசு வைத்து இணைப்பதில் அவசரம் கூடாது. ஒரு புள்ளியில் பற்றாசு பக்கத்து ஊசிக்குப் பரவியதை உருப்பெருக்கியில் கண்டு, செப்புப் பின்னலால் உறிஞ்சி எடுத்து மறுபடி வைத்தேன்.

மூன்றும் ஓடத் தொடங்கிய பிறகு முதலில் காதில் பட்ட வேறுபாடு தொடக்கப் படத்தின் இசை. ஜப்பானியப் பதிப்பு மசாஹிரோ ஆந்தோவின் ‘மூன் ஓவர் த காசில்’ என்ற கிற்றார் இசையோடு திறக்கிறது. அமெரிக்க, ஐரோப்பியப் பதிப்புகளில் அதன் இடத்தில் மானிக் ஸ்ட்ரீட் பிரீச்சர்ஸ் குழுவின் பாடலொன்றை கெமிக்கல் பிரதர்ஸ் மாற்றியமைத்த வடிவம் ஒலிக்கிறது. பந்தயத்தின்போதும் அப்படியே: மேற்குலகப் பதிப்புகளில் ஃபீடர், கார்பேஜ், ஆஷ், கியூபனேட் ஆகிய குழுக்களின் பாடல்கள், ஜப்பானில் ஆந்தோவும் இசாமு ஓஹிராவும் இதற்கென்றே அமைத்த இசை. மச்சானோடு ஓட்டிய நாட்களில் அந்தப் பாடல்கள்தான் இந்த விளையாட்டு என்று மனத்தில் பதிந்திருந்தன. ஆயினும் ஜப்பானியத் தொடக்கத்தைக் கேட்டபோது, கார்களின் படங்கள் அந்தக் கிற்றாருக்காகவே வெட்டி ஒட்டப்பட்டவைபோல் எனக்குத் தோன்றியது. அந்தத் தொடக்கத்தை ஒரே மாலையில் ஐந்தாறு தடவை ஓட்டிக் கேட்டேன்.

அடுத்தது பணம். அமெரிக்க, ஐரோப்பியப் பதிப்புகளில் கையில் 10,000 கிரெடிட்டோடு தொடங்குகிறோம். ஜப்பானியப் பதிப்பில் 1,000,000. விலைகளும் அதே நூறு மடங்கு அளவில் உயர்ந்திருப்பதால் வாங்கும் வலிமை மாறவில்லை. ஜப்பானியருக்கு அது யென் கணக்காகவும், மற்றவர்களுக்கு டொலர்க் கணக்காகவும் இயல்பாகப் படட்டும் என்ற எண்ணம் என்று கொள்கிறேன். ரூபாயில் எண்ணிப் பழகிய எனக்கு ஜப்பானிய விலைகள்தான் உண்மையான கார் விலைகளைப்போல் பட்டன. பெயர்களிலும் நுணுக்கம் இருக்கிறது. வட அமெரிக்காவில் ஹொண்டா நிறுவனம் 1986இலிருந்து அக்கியுரா என்ற பெயரில் தன் உயர்வகைக் கார்களை விற்று வருகிறது. ஆகவே அமெரிக்க இறுவட்டில் என்எஸ்எக்ஸ் கார் அக்கியுராவின் கீழ் நிற்கிறது, மற்ற இரண்டிலும் ஹொண்டாவின் கீழ் நிற்கிறது. 2005இல் ஐரோப்பிய இறுவட்டில் அக்கியுராவைத் தேடிக் களைத்தது இப்போது நினைவுக்கு வருகிறது. ஐரோப்பிய இறுவட்டில் ஆங்கிலத்தோடு பிரெஞ்சு, ஜேர்மன் முதலிய மொழிகளும் உண்டு. சித்தப்பாவின் பிள்ளைகள் பிரெஞ்சிலேயே ஓட்டிப் பழகியிருந்தார்கள்.

படத்தின் ஓட்டத்தை ஒரே தொலைக்காட்சியில் ஒன்றன்பின் ஒன்றாகப் பார்க்கும்போதுதான் வேறுபாடு கண்ணில் படும். இந்த விளையாட்டு இரண்டு புலங்களுக்கு ஒருமுறை புதிய படத்தை வரைகிறது. ஆகவே 60 புலத்தில் நொடிக்கு 30 படங்களும், 50 புலத்தில் 25 படங்களும் கிடைக்கின்றன. ஒரு படம் திரையில் நிற்கும் நேரம் 33 மில்லிசெக்கனிலிருந்து 40 மில்லிசெக்கனாகிறது. வளைவில் ஸ்டியரிங்கைத் திருப்பிய கணத்துக்கும் காரின் மூக்குத் திரும்புவதைக் கண் காணும் கணத்துக்கும் இடையே அந்த ஏழு மில்லிசெக்கன் உணரக்கூடியது என்பதே என் அனுபவம். வெளிர் வானம் திரையின் மேற்பாதியை நிறைக்கும் இடங்களில், குழாய்த் திரையில் 50 புலப் படம் மெல்லத் துடிப்பதும் தெரிகிறது. ஒலி மட்டும் மூன்றிலும் ஒரே கதிதான், ஏனெனில் ஒலிக்கான 44.1 கிலோஹேர்ட்ஸ் மாதிரி வீதமும், மையச் செயலியின் ஏறத்தாழ 33.87 மெகாஹேர்ட்ஸ் கதியும் எல்லா நாட்டு இயந்திரங்களிலும் ஒன்றே. இவை எல்லாவற்றையும் சேர்த்துப் பார்த்தால், ஓட்டுவதற்கு ஜப்பானியப் பதிப்பையே தெரிவுசெய்வேன்.

இரண்டு வாரம் கழித்து இரண்டாவது அட்டை வந்தது. இறுவட்டு இல்லாமல் 7501ஐ இயக்கி, மச்சானின் அட்டையை முதல் துவாரத்திலும் வெற்று அட்டையை இரண்டாவதிலும் குத்தி, மெமரி கார்ட் திரையில் ஒவ்வொன்றாகப் பிரதி எடுத்தேன். பதினைந்து கட்டங்கள் கொண்ட அந்தச் சிறிய அட்டவணை நிரம்பும்வரை மின்சாரம் நின்றுவிடக் கூடாதே என்ற பதற்றத்தோடு இருந்தேன். பிறகு மச்சானின் அட்டையைக் கழற்றி வைத்துவிட்டு, பிரதியோடு அமெரிக்க இறுவட்டை ஏற்றினேன். கராஜ் திறந்தது. சிவப்பு நிற அக்கியுரா என்எஸ்எக்ஸ், ஸ்கைலைன் ஜிரி-ஆர், முதன்முதலில் காசு சேர்க்க ஓட்டித் தேய்த்த சிறிய கார் ஆகியவை நிறுத்திய ஒழுங்கிலேயே நின்றன. உரிமப் பகுதியில் பி உரிமத்தின் எட்டுத் தேர்வுகளும் ஏ உரிமத்தின் எட்டும் முடிந்திருந்தன. சர்வதேச ஏ உரிமத்தில் ஏழு முடிந்து எட்டாவது மட்டும் வெறுமையாக இருந்தது. விமானத்துக்கு வான் வந்து வாசலில் நிற்க, அவன் கடைசியாக முயன்று தோற்ற தேர்வு அது.

அன்றிரவு ரொறன்ரோவுக்கு வீடியோ அழைப்பெடுத்துத் திரையைக் காட்டினேன். அவன் வேலைக்குப் புறப்படும் நேரம். சற்று நேரம் ஒன்றும் பேசாமல் பார்த்துக்கொண்டிருந்தவன், “டேய் மச்சான், என்ர என்எஸ்எக்ஸை வித்துப்போடாதை, எட்டாவதை நீ முடிச்சு வை” என்றான். அவனுடைய அட்டையை ஈரம் உறிஞ்சும் சிறு பொதியோடு மூடிய டப்பாவில் வைத்திருக்கிறேன். பிரதியில் மட்டும்தான் ஓட்டுகிறேன். எட்டாவது தேர்வு இன்னும் முடியவில்லை. நேற்றைய ஓட்டத்தில் கடைசி வளைவுக்கு முன் புல்லில் இறங்கிவிட்டேன்.